இறகு சொல்லும் செய்தி

பத்தாம் வகுப்பு, 'ஆ' பிரிவு

இறைவன் படைத்த உயிரினங்களில் நீந்துபவை உண்டு, ஊர்பவை உண்டு, பறப்பவையும் உண்டு. வௌவாலும் பறக்கிறது, வண்ணத்துப்பூச்சியும் பறக்கிறது. ஆனால் இறகு என்னும் ஆடையை அணிந்து பறப்பவை இன்று பறவைகள் மட்டுமே. அந்த ஆடை அழகுக்காக மட்டும் அமைந்ததன்று. பறவை என்ன உண்கிறது, நன்றாக உறங்குகிறதா, உடல் நலமாக உள்ளதா, மகிழ்ச்சியாக இருக்கிறதா என்பனவெல்லாம் அதன் இறகிலேயே எழுதப்பட்டிருக்கின்றன. வாசிக்கத்தான் நமக்குத் தெரிய வேண்டும்.

மயிலாப்பூர், தியாகராய நகர், அடையாறு பகுதிகளின் அடுக்குமாடி வீடுகளில் சில ஆண்டுகளாக ஒரு புதிய விருந்தாளியைக் காண்கிறோம். கான்யூர் என்பது அதன் பெயர். பிறந்த நாள் பரிசாக அதைக் கேட்கும் தோழியர் நம் பள்ளியிலும் பலர் உள்ளனர். அவர்களுக்கும் அவர்களுடைய பெற்றோருக்கும் பயன்படும் என்று கருதியே இக்கட்டுரையை எழுதுகிறோம்.

பெயரும் பிறப்பிடமும்

கான்யூர் என்பது சிறு கிளிகளின் ஒரு கூட்டத்துக்கு வழங்கும் பெயர். 'கூம்பு', 'வால்' என்று பொருள்படும் இரு கிரேக்கச் சொற்களிலிருந்து இது பிறந்தது. நீண்டு, நுனி நோக்கிக் குறுகும் வாலைப் பார்த்தால் பெயரின் பொருத்தம் விளங்கும். இவற்றின் தாயகம் மெக்சிகோ முதல் தென் அமெரிக்கா வரை பரந்த நிலப்பகுதி ஆகும்.

நம் நகரில் பெரும்பாலும் காணப்படுபவை இரண்டு வகை. ஒன்று பச்சைக் கன்னக் கான்யூர். தலை முதல் வால் நுனி வரை சுமார் 26 செ.மீ. நீளமும் 60 முதல் 80 கிராம் எடையும் உடையது. ஒரு கோழி முட்டையைவிடச் சற்றே கனமானது, அவ்வளவுதான்! மற்றொன்று சூரியக் கான்யூர். மஞ்சளும் ஆரஞ்சும் கலந்து சுடர்விடும் நிறம். சுமார் 30 செ.மீ. நீளம்; 100 முதல் 120 கிராம் எடை. இதன் குரல் மிகவும் உரத்தது. காட்டில் தொலைவில் இருக்கும் கூட்டத்தாரை அழைப்பதற்காக அமைந்த குரல் அது. அடுத்த வீட்டுச் சுவர் ஒட்டியிருக்கும் அடுக்குமாடியில் அது எப்படி ஒலிக்கும் என்பதை வாங்குமுன்னரே எண்ணிப் பார்க்க வேண்டும்.

முட்டை முதல் முதற்பறத்தல் வரை

கான்யூர்கள் மரப்பொந்துகளில் முட்டையிடுகின்றன. சூரியக் கான்யூர் பொதுவாக 3 அல்லது 4 முட்டைகள் இடும். தாய் சுமார் 23 நாட்கள் அடைகாக்கும். கோழிக்குஞ்சு பிறந்த அன்றே நடந்து, தானே கொத்தித் தின்னும். கிளிக்குஞ்சோ கண் திறவாமல், மெல்லிய தோலும் அங்கங்கே சிறிது தூவியுமாகப் பிறக்கிறது. தலையைத் தூக்கவும் அதற்கு வலிமை இராது. தாயும் தந்தையும் தம் தொண்டைப் பையிலிருந்து உணவைக் கக்கி ஊட்டுகின்றன.

ஏறத்தாழ இரண்டு வாரத்தில் கண் திறக்கும். மூன்றாம் வாரம் தோலின் மேல் முட்கள் போன்றவை வரிசை வரிசையாக எழும். அப்போது குஞ்சைப் பார்த்தால் சிறிய முள்ளம்பன்றி போலத் தோன்றும். அம்முட்களே இளம் இறகுகள். ஏழு, எட்டு வாரங்களில் அது பொந்தை விட்டு வெளிவரும். அதன் பின்னரும் சில காலம் பெற்றோரே உணவூட்டும்.

'குஞ்சாக வாங்கிக் கையால் ஊட்டினால்தான் பழகும்' என்று சொல்லிச் சிலர் இறகு முளைக்காத குஞ்சுகளையும் விற்கின்றனர். இது ஆபத்தானது. ஊட்டும் கூழ் சற்றுச் சூடானால் தொண்டைப் பை வெந்துவிடும். ஆறிப்போனால் செரியாமல் பையிலேயே புளிக்கும். அவசரமாக ஊட்டினால் மூச்சுக்குழலில் இறங்கும். தானே உண்ணக் கற்ற பறவையும் அன்பாலும் பொறுமையாலும் நன்றாகப் பழகும். ஆகையால், தானே உண்ணாத குஞ்சை வாங்காதிருப்பதே அறிவுடைமை.

இறகு வளரும் விதம்

நம் நகமும் முடியும் போல இறகும் கெரட்டின் என்னும் புரதத்தால் ஆனது. தோலிலுள்ள ஒரு சிறு குழியிலிருந்து அது முளைக்கிறது. முளைக்கும்போது மெழுகு போன்ற வெண்ணிற உறை அதை மூடியிருக்கும். உறையின் உள்ளே இரத்தம் ஓடி இளம் இறகுக்கு ஊட்டம் அளிக்கும். இறகு முழுதும் வளர்ந்ததும் இரத்தம் பின்வாங்கிவிடும், தண்டு உள்ளீடற்றதாகும், உறை தூளாக உதிர்ந்து இறகு விரியும். இதனால்தான் கூண்டின் அடியில் வெண்ணிறத் துகள்கள் கிடக்கின்றன. அது பொடுகோ நோயோ அன்று.

முதிர்ந்த இறகு தானே உதிர்ந்தால் பறவைக்கு வலிக்காது. ஆனால் இரத்தம் ஓடும் இளம் இறகு ஒடிந்தால் அதன் வழியே இரத்தம் வடியும். பறவையின் உடலில் இரத்தத்தின் அளவு உடல் எடையில் ஏறக்குறைய பத்தில் ஒரு பங்கு. அப்படியானால் 70 கிராம் கிளியிடம் இருப்பது மொத்தமே 7 மில்லிலிட்டர்! நமக்குச் சில துளிகளாகத் தோன்றுவது அதற்குப் பெரிய இழப்பாகும். எனவே கலங்காமல், ஒடிந்த இடத்தில் சிறிது சோளமாவைத் தூவி, சுத்தமான துணியால் மெல்ல அழுத்திப் பிடித்து, உடனே மருத்துவரிடம் எடுத்துச் செல்ல வேண்டும்.

இறகுகளிலும் பல வகை உண்டு. உடலை மூடுபவை மேல் இறகுகள். அவற்றின் கீழே வெப்பம் காக்கும் மென்தூவிகள் உள்ளன. ஒவ்வொரு சிறகின் நுனியிலும் 10 பெரிய பறக்கும் இறகுகளும், வாலில் 12 இறகுகளும் உண்டு. ஓர் இறகை உருப்பெருக்கிக் கண்ணாடியின் கீழ் பார்த்தால் தண்டிலிருந்து இழைகளும், அவ்விழைகளிலிருந்து நுண்ணிழைகளும் பிரிவதைக் காணலாம். இன்னும் நுணுக்கமான நுண்ணோக்கியில் நுண்ணிழைகளின் கொக்கிகள் தெரியும். நம் பைகளில் உள்ள ஜிப் போல அவை ஒன்றையொன்று பற்றிக்கொள்வதால்தான் காற்று ஊடுருவாத தகடு போல இறகு நிற்கிறது. கிளி நாள் முழுதும் அலகால் கோதிக்கொள்வது விலகிய கொக்கிகளை மீண்டும் பூட்டும் வேலைதான். வாலடியிலுள்ள எண்ணெய்ச் சுரப்பியிலிருந்து சிறிது எண்ணெயை எடுத்துப் பூசியும் கொள்கிறது.

பச்சை எங்கிருந்து வந்தது?

இக்கட்டுரைக்காகப் படித்தபோது எங்களை மிகவும் வியக்கச் செய்த செய்தி இது. கிளியின் இறகில் பச்சைச் சாயமே இல்லை! இறகில் இருப்பது மஞ்சள் நிறமி. நீலத்துக்கோ நிறமியே கிடையாது. இறகின் நுண்ணிய அமைப்பு ஒளியைச் சிதறச் செய்வதால் நீலமாகத் தெரிகிறது. அந்த நீலமும் மஞ்சளும் சேர்ந்து நம் கண்ணுக்குப் பச்சையாகின்றன. ஓவிய வகுப்பில் நாம் செய்வதும் இதுதானே?

பூநாரை தான் உண்ணும் உணவிலிருந்து சிவப்பு நிறத்தைப் பெறுகிறது. கிளியோ தன் மஞ்சள், சிவப்பு நிறமிகளைத் தன் உடலிலேயே ஆக்கிக்கொள்கிறது. சூரியக் கான்யூரின் குஞ்சு பெரும்பாலும் பச்சையாகவே இருக்கும். ஒவ்வொரு முறை இறகு மாறும்போதும் மஞ்சள் கூடி, ஏறக்குறைய இரண்டு வயதில்தான் முழு அழகும் வரும். 'நிறம் வரவில்லையே' என்று வருந்தத் தேவையில்லை.

இறகு உதிர்தலும் இறகு பிடுங்குதலும்

பறவைகள் பொதுவாக ஆண்டுக்கு ஒரு முறை பழைய இறகை உதிர்த்துப் புதிய இறகைப் பெறுகின்றன. எல்லாம் ஒரே நாளில் உதிர்வதில்லை. இரு சிறகுகளிலும் ஒன்றுக்கொன்று இணையான இறகுகள் சிறிது சிறிதாக உதிரும். ஆகையால் சமநிலை குலையாமல் பறக்க முடிகிறது. இக்காலத்தில் கிளி சற்றுச் சோர்ந்தும் சிடுசிடுப்பாகவும் இருக்கும். முளைக்கும் இறகைத் தொட்டால் கடிக்கவும் செய்யும். புரதம் மிகுதியாகத் தேவைப்படுவதால் வேகவைத்த முட்டையில் சிறு துண்டும், முளைகட்டிய பயறும் தரலாம். தலையில் முளைக்கும் முட்களை அதன் அலகு எட்டாது. துணைக்கிளி இருந்தால் அது கோதிவிடும். இல்லையெனில் நாம் விரல் நுனியால், உறை காய்ந்த முட்களை மட்டும் மெல்லத் தேய்த்து உதவலாம்.

இயற்கையான உதிர்தலில் தோல் தெரியும்படி வெற்றிடம் உண்டாவதில்லை. மார்பிலோ சிறகடியிலோ தோல் தெரிந்தால், தலை மட்டும் அழகாக இருந்தால், கிளி தன் இறகைத் தானே பிடுங்குகிறது என்று பொருள். தலையைத்தான் அதனால் எட்ட முடியாதே!

தியாகராய நகரில் வசிக்கும் எங்கள் வகுப்புத் தோழி ஒருத்தியின் வீட்டுச் சூரியக் கான்யூருக்கு இப்படி நேர்ந்தது. மார்பு முழுதும் வெறுமையாகிவிட்டது. மருத்துவர் சோதித்து, நோய் எதுவும் இல்லை என்றார். பிறகு, 'காலை எட்டு முதல் மாலை ஆறு வரை இது யாருடன் இருக்கிறது?' என்று கேட்டார். வீட்டில் ஒருவரும் பதில் சொல்லவில்லையாம். அதற்குப் பதில் 'யாருடனும் இல்லை' என்பதுதான். அன்றே கூண்டைப் பின்கட்டுப் பால்கனியிலிருந்து கூடத்துக்கு, பாட்டியின் நாற்காலிக்கு அருகில் மாற்றினர். கடித்துக் கிழிக்கத் தென்னை ஓலையும் பனையோலைக் கிலுகிலுப்பையும் தந்தனர். பாட்டி காய் நறுக்கிக்கொண்டே அதனுடன் பேசினார். சில மாதங்களில் இறகு திரும்ப முளைத்தது. ஆயினும் மார்பின் நடுவில் ஒரு ரூபாய் அளவு இடம் இன்றும் வெறுமையாகவே உள்ளது. மீண்டும் மீண்டும் பிடுங்கப்பட்ட குழி ஒருநாள் இறகு முளைப்பதையே நிறுத்திவிடும். தனிமையும் ஒரு நோயே என்பதை அச்சிறு இடம் நமக்குக் கற்பிக்கிறது.

சென்னை வீட்டில் பராமரிப்பு

1. உணவு: சூரியகாந்தி விதையை மட்டுமே கொடுத்து வளர்ப்பது பெருந்தவறு. அதில் கொழுப்பு மிகுதி; வைட்டமின் 'ஏ' குறைவு. அந்தச் சத்துக் குறைந்தால் இறகு மங்கும். மூச்சுக் கோளாறும் வரும். பறவைகளுக்கெனத் தயாரிக்கும் உணவு உருண்டைகளோடு கேரட், பரங்கிக்காய், வேகவைத்த சர்க்கரைவள்ளிக் கிழங்கு, முருங்கைக்கீரை, பப்பாளி, கொய்யா முதலியவற்றைக் கழுவித் தரலாம். பச்சை மிளகாயும் தரலாம்! மிளகாயின் காரத்தைப் பறவைகள் உணர்வதில்லை. வெண்ணெய்ப் பழம், சாக்லேட், காபி, தேநீர், வெங்காயம், ஆப்பிள் விதை, உப்பு மிகுந்த முறுக்கு, சிப்ஸ் ஆகியவற்றைத் தரவே கூடாது.

2. குளியல்: கான்யூர் நீராடுவதில் பெருவிருப்பம் உடையது. காலை வேளையில் அகன்ற மண் தட்டில் சாதாரண நீர் வைத்தால் போதும். சோப்பு வேண்டாம், அது இறகின் எண்ணெயை நீக்கிவிடும். மாலைக்குள் இறகு நன்றாக உலர வேண்டும்.

3. வெயில்: அக்கினி நட்சத்திர நாட்களில் மேற்குப் பார்த்த பால்கனி அடுப்பாகிவிடும். கிளி அலகைத் திறந்து மூச்சு வாங்கினால், சிறகுகளை உடலிலிருந்து விலக்கி வைத்தால், வெப்பம் தாங்கவில்லை என்று அறிக. உடனே நிழலுக்கு மாற்றிக் குடிக்க நீர் வைக்க வேண்டும். ஐப்பசி, கார்த்திகை மழையில் சாரலும் ஈரக்காற்றும் படாமல் காக்க வேண்டும்.

4. புகை: பறவையின் நுரையீரலோடு காற்றுப் பைகளும் இணைந்திருப்பதால், காற்றில் கலந்த நஞ்சு அதை விரைவில் தாக்கும். கொசுவத்தி, சாம்பிராணி, தீபாவளி மத்தாப்புப் புகை, வாசனைத் தெளிப்பான் ஆகியவை அருகில் கூடா. எல்லாவற்றினும் கொடியது, அடுப்பில் மறந்துபோய் அளவுக்கு மீறிக் காய்ந்த நான்-ஸ்டிக் பாத்திரத்தின் ஆவி. நமக்கு மணமே தெரியாத அந்த ஆவி, சில நிமிடங்களில் கிளியின் உயிரைப் போக்கிவிடும். சமையலறையில் கூண்டு வைக்கவே கூடாது.

5. மின்விசிறி: கூண்டைத் திறக்குமுன் கூரை விசிறியை நிறுத்துங்கள், கதவு, சன்னல்களைச் சாத்துங்கள். 'சிறகை வெட்டிவிட்டால் தொல்லையில்லை' என்பர் சிலர். வெட்டிய கிளி சமநிலை இழந்து விழும், உடற்பயிற்சியின்றிப் பருக்கும். அடுத்த இறகு மாற்றத்தில் புதிய இறகு முளைத்து, எதிர்பாராத நாளில் பறந்தும் போகும். கிளியின் சிறகைக் குறைப்பதைவிட நம் கவனத்தைக் கூட்டுவதே மேல்.

6. கூண்டு: இரு சிறகையும் முழுதாக விரிக்க இடம் வேண்டும். ஒரே பருமனுள்ள குச்சிகளை விடக் கொய்யா, வேம்புக் கிளைகள் கால்களுக்கு நல்லவை. நாள்தோறும் அடித்தாளை மாற்றி, நீர்க் கிண்ணத்தைக் கழுவி, பின்னர் நம் கைகளையும் சோப்பால் கழுவ வேண்டும். இரவில் 10 முதல் 12 மணி நேரம் இருளும் அமைதியும் தேவை. தொலைக்காட்சி ஓடும் கூடத்தில் கூண்டு இருந்தால் மாலையில் அமைதியான அறைக்கு மாற்ற வேண்டும்.

7. எடை: சமையலறைத் தராசில் வாரம் ஒரு முறையாவது எடை பார்த்துக் குறித்து வையுங்கள். பறவைகள் நோயை மறைப்பதில் வல்லவை. காட்டில் நோயுற்றது வெளியே தெரிந்தால் பகைக்கு இரையாகிவிடும் அல்லவா? இறகைப் பஞ்சுபோல் உப்பவைத்துக்கொண்டு அடித்தரையில் அமர்ந்தாலும், எடை குறைந்தாலும் காலம் தாழ்த்தாமல் மருத்துவரை நாடுங்கள். 1903-இல் தொடங்கப்பட்ட சென்னைக் கால்நடை மருத்துவக் கல்லூரி நம் நகரின் வேப்பேரியிலேயே உள்ளது.

நம் பச்சைக்கிளியைக் கூண்டில் வைக்கலாமா?

கூடாது. அடையாறு பிரம்மஞான சபைத் தோட்டத்திலும் கிண்டிக் காட்டிலும் கூட்டமாகப் பறக்கும் பச்சைக்கிளி நம் நாட்டு வனவிலங்கு. வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம், 1972 அதற்குக் காவலாக உள்ளது. அதைப் பிடிப்பதும் விற்பதும் வாங்குவதும் வளர்ப்பதும் குற்றம். சோதிடக்காரரின் கூண்டில் இருந்தாலும் சட்டம் ஒன்றே.

கான்யூர் அயல்நாட்டுப் பறவையாதலால் அதை வளர்க்கத் தடையில்லை. ஆயினும் 2022-ஆம் ஆண்டுச் சட்டத் திருத்தத்தையும் 2024-ஆம் ஆண்டு விதிகளையும் ஒட்டி, பன்னாட்டு வணிக ஒப்பந்தப் பட்டியலில் உள்ள உயிரினங்களை வைத்திருப்போர் அரசின் பரிவேஷ் இணையதளத்தில் பதிவு செய்ய வேண்டும். வாங்கும்போது இரசீதும் உரிய சான்றும் கேட்டுப் பெறுவது பெற்றோரின் கடமை.

பச்சைக்கிளியிடம் அன்பு காட்டக் கூண்டு தேவையில்லை என்பதை நம் நகரமே மெய்ப்பித்துள்ளது. இராயப்பேட்டையில் கேமரா பழுதுபார்த்து வந்த திரு. ஜோசப் சேகர், 2004-ஆம் ஆண்டு ஆழிப்பேரலைக்குப் பிறகு தம் மாடியைத் தேடி வந்த சில கிளிகளுக்கு ஊறவைத்த அரிசி வைக்கத் தொடங்கினார். நாளடைவில் ஆயிரக்கணக்கில் அவை வந்தன. பல ஆண்டுகள் தம் வருவாயில் பெரும்பகுதியை அவற்றுக்காகவே செலவிட்டார். அவற்றுள் ஒன்றைக்கூட அவர் கூண்டில் அடைக்கவில்லை.

ஒரு துயரக் கதை

அமெரிக்க நாட்டில் கரோலினா கிளி என்று ஒரு கிளி இருந்தது. பச்சை உடலும் மஞ்சள் தலையும் கொண்ட அதுவும் கான்யூரின் இனமே. தோட்டத்துப் பழங்களைத் தின்றதென்று சுட்டனர். சீமாட்டிகளின் தொப்பிக்கு இறகு வேண்டுமென்று கொன்றனர். கூண்டில் அடைக்கப் பிடித்தனர். அது வாழ்ந்த காடுகளையும் அழித்தனர். ஒன்று சுடப்பட்டு விழுந்தால் மற்றவை பறந்தோடாமல் விழுந்த தோழனைச் சுற்றி வந்தன. அந்த அன்பே அவற்றுக்கு எமனாயிற்று. கடைசிக் கிளி 1918 பிப்ரவரி 21 அன்று சின்சினாட்டி விலங்குக் காட்சிச்சாலையில் இறந்தது. இன்று சூரியக் கான்யூரும் தன் சொந்தக் காட்டில் அருகிவருகிறது. கூண்டு வணிகத்துக்காக அளவின்றிப் பிடித்ததே அதன் முக்கியக் காரணம்.

வாங்குமுன் ஒரு கணக்கு

நன்கு பராமரித்தால் கான்யூர் 20 முதல் 30 ஆண்டுகள் வரை வாழும். தோழியரே, நமக்கு இப்போது 15 வயது. இன்று ஒரு குஞ்சை வாங்கினால் அது முதுமை அடையும்போது நமக்கு 40 வயது ஆகியிருக்கும். மேல்நிலைப் பள்ளி, கல்லூரி, விடுதி வாழ்க்கை, வேலை, திருமணம், ஒருவேளை வேற்றூர் வாழ்க்கை என அத்தனையிலும் அது நம்முடன் வர வேண்டும். அல்லது நம் அம்மாவோ பாட்டியோ அதைச் சுமக்க வேண்டும். பிறந்த நாள் பரிசாகக் கேட்குமுன் வீட்டில் எல்லோரும் ஒன்றாக அமர்ந்து இந்தக் கணக்கைப் போட்டுப் பார்ப்பது நலம்.

கணக்குச் சரியாக வந்தால், மகிழ்ச்சியோடு வளர்ப்போம். வரவில்லையெனில் அதிலும் இழிவில்லை. மொட்டை மாடியில் ஒரு மண் தட்டில் நீர் வைப்போம். தடை செய்யப்பட்ட மாஞ்சா நூலை நம் தம்பியர் கையில் எடுக்காமல் பார்த்துக்கொள்வோம். அந்த நூல் அறுப்பது பறவையின் சிறகையும், சில வேளைகளில் மனிதரின் கழுத்தையும்தான். ஏற்கெனவே கிளி வளர்க்கும் வீடுகளில் இன்று மாலையே கூண்டருகே சென்று, ஐந்து நிமிடம் அதன் இறகை உற்று நோக்குவோம். பளபளக்கிறதா, மங்கியிருக்கிறதா, மார்பு நிறைந்திருக்கிறதா என்று பார்ப்போம். வாய் பேசும் கிளியும் தன் குறையை வாயால் சொல்வதில்லை, இறகால்தான் சொல்கிறது.